படத்தில் விழுந்த ஓட்டை

"தம்பி, இதென்ன எங்கட காணிக்கு நடுவில ஓட்டை விழுந்து கிடக்கு?"

கைருன்னிசா கேட்டதும் ரொபின்சன் மடிக்கணினியைத் தன் பக்கம் கொஞ்சம் திருப்பிக்கொண்டான். ஓட்டையை அவன் முதலே பார்த்துவிட்டான். அவள் கண்ணில் படாது என்று நம்பியிருந்தான், பாவம்.

முசலிக் கரையோரத்துப் பற்றைக்காடு அது. கைருன்னிசாவின் குடும்பம் தொண்ணூறாம் ஆண்டுப் போரில் அங்கிருந்து துரத்தப்பட்டது. அவள் பிறந்ததே புத்தளம் முகாமில். கணவன் வஸீரோடு திரும்பி வந்தபோது, உம்மா சொல்லிச் சொல்லி அழுத ஊர் இருந்த இடத்தில் முள்ளைத் தவிர வேறொன்றும் இல்லை. 'இது காடு' என்றது அரசாங்கக் காணிக் கந்தோர். 'இல்லை, ஊர்' என்றாள் அவள். 'அப்படியென்றால் மனிதர் இருந்த அடையாளத்தைக் காட்டு' என்றார்கள். நாளைக் காலை அதிகாரி ஏரம்பு நேரில் வருகிறார். அடையாளம் கிடைத்தால் காணி. கிடைக்காவிட்டால் மறுபடியும் புத்தளம்.

அடையாளம் தேடத்தான் வங்காலையிலிருந்து ரொபின்சன் வந்திருந்தான். அவனிடம் ட்ரோன் இருந்தது, ட்ரோனின் வயிற்றில் லேசர் இருந்தது. இலை இடுக்குகளால் புகுந்து தரையைத் தொட்டுத் திரும்பும் அந்த லேசர், பற்றைக்குக் கீழே ஒரு சுவரின் அடி கிடந்தாலும் படத்தில் கொண்டுவந்துவிடும். ஓலை வீடுகள்தான் என்றாலும் ஒரு சுவராவது மிஞ்சியிருக்காதா என்று கைருன்னிசா காத்திருந்தாள். சுவர் வரவில்லை. கறுப்பாக, வட்டமாக ஒரு ஓட்டைதான் வந்தது.

"அது பனி அக்கா," என்றான் ரொபின்சன். "மாசிப் பனியில லேசர் தடுமாறும். வெயில் ஏறட்டும், திருப்பி எடுப்பம்."

வெயில் ஏறியது. கூடவே கடல்காற்றும் ஏறியது. சைக்கிள் பழகும் பிள்ளைபோல ட்ரோன் மேலே தள்ளாடிக்கொண்டு போய் வந்தது. புதுப் படத்தில் ஓட்டை அப்படியே இருந்தது. போதாக்குறைக்கு நாலு பக்கமிருந்தும் மெல்லிய கீறல்கள் வளைந்து வளைந்து அந்த ஓட்டையில் வந்து முடிந்தன.

"ஓட்டை போதாதெண்டு கீறலுமோ!" கைருன்னிசா தலையில் கைவைத்தாள். "கந்தோருக்குக் குடுக்கிற படம் தம்பி! பேரில ஒரு எழுத்தை வெட்டி எழுதினதுக்கே என்னை வருசக்கணக்கா அலைய விட்டவங்கள். படம் துப்புரவா இருக்கோணும்."

"காத்தில ட்ரோன் ஆடினதால வந்த கீறல் அக்கா. காத்து விழட்டும், பாப்பம்."

காற்று விழ மாலையாகிவிட்டது. அந்த நேரம் பார்த்து றம்லா மாமி அடுப்பை மூட்டினாள். கைருன்னிசாவின் வாப்பாவுடைய தங்கை அவள். புத்தளத்திலிருந்து ஒத்தாசைக்கு வந்திருந்தாள். விருந்தாளித் தம்பிக்குப் புரியாணி ஆக்காமல் விடுவதில்லை என்று பிடிவாதமாக நின்றாள். காற்று இல்லாததால் புகை போக வழி தெரியாமல் காணிக்கு மேலேயே படுத்துக்கொண்டது.

படத்தில் ஒரு மலை எழும்பி நின்றது.

வஸீர் கணினியையும் காணியையும் மாறி மாறிப் பார்த்தான். "தம்பி... என்ர காணியில மலையோ? நான் விடியத்தானே அதால நடந்து வந்தனான்!"

"புகை அண்ணை. லேசர் புகையில பட்டுத் திரும்பியிட்டுது."

"மலையெண்டா காட்டைவிட மோசம், கந்தோர் கிட்டவும் விடாது!" கைருன்னிசா ஓடிப்போய் அடுப்பில் தண்ணீரை ஊற்றினாள். "மாமி, இனி நீங்கள் இந்தப் பெட்டிப் பக்கமே வரக்கூடாது!"

"அதை எனக்கும் ஒருக்காக் காட்டினா என்னவாம்?" என்று மாமி முறைத்தாள். யாரும் காட்டவில்லை. அரை அவியல் புரியாணியை எல்லாரும் சாப்பிட்டார்கள்.

மறுநாள் விடிந்தபோது பனியும் இல்லை, காற்றும் இல்லை, அடுப்பும் இல்லை. ரொபின்சன் சிலுவை போட்டுக்கொண்டு ட்ரோனை ஏற்றினான். இறக்கிப் படத்தைப் பார்த்தான். ஊரெல்லாம் ஓட்டை.

"என்ன அண்ணை நடந்தது இஞ்ச?"

"ரோட்டால லொறி போனா தூசி எழும்புமெல்லோ," என்றான் வஸீர் பெருமையோடு. "தூசியும் படத்தைக் கெடுத்துப்போடும் எண்டு பயந்து தண்ணிப் பவுசர் லொறியைக் கொண்டுவந்து சுத்திவர நல்லாத் தண்ணி அடிச்சு விட்டனான். உங்களுக்குச் சொல்லாமல் வைச்சிருந்தனான்."

"தண்ணியில பட்ட லேசர் திரும்பி வராது அண்ணை! தேங்கி நிக்கிற இடமெல்லாம் கறுப்பாத்தான் விழும்!"

வஸீர் கணினியை இன்னொருமுறை எட்டிப் பார்த்தான். பிறகு மெதுவாகச் சொன்னான். "மலை போயிட்டுதெல்லோ, அல்ஹம்துலில்லாஹ்."

அப்போது ஜீப் சத்தம் கேட்டது.

ரொபின்சன் கணினிமேல் கவிழ்ந்தான். ஓட்டைகளை நிரப்பவும் கீறல்களைத் தடவி அழிக்கவும் அதில் வழி இருந்தது. கைருன்னிசா தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்து விரலை நீட்டினாள். "இதை எடுங்கோ. இதையும். நடுவில கிடக்கிற அந்தப் பெரிய சனியன், அதை முதல் எடுங்கோ!"

கடைசியில் படம் இஸ்திரி போட்ட சாரம்போல ஒரு சுருக்கமும் இல்லாமல் கிடந்தது.

"மாஷா அல்லாஹ்," என்றாள்.

ஏரம்பு கதிரையில் உட்கார்ந்து கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். "வடிவான படம்," என்றார். மூவருக்கும் உயிர் வந்தது. "இவ்வளவு துப்புரவான படத்தை நான் கண்டதில்லை. ஒரு சுவர் இல்லை, ஒரு பாதை இல்லை, ஒரு குழிகூட இல்லை. மனிசக் கால் படாத காடு. அப்பிடியே எழுதிப்போடுறன்."

கைருன்னிசா அப்படியே மண்ணில் இருந்துவிட்டாள். வஸீர் வானத்தைப் பார்த்தான். இந்தக் குடும்பத்தைத் தன் கையாலேயே புத்தளத்துக்கு பஸ் ஏற்றிவிட்டோமே என்று ரொபின்சன் தலையில் அடித்துக்கொண்டான்.

"சேர், பொறுங்கோ!" என்று கத்தினான். "உண்மையான படம் இப்பிடியில்லை. பனியும் காத்தும் நாசமாக்கின படத்தை நாங்கள்தான் திருத்தினது. எவ்வளவு கெட்டுக் கிடந்ததெண்டு பாருங்கோ, பாத்துப்போட்டு இன்னும் ஒரு நாள் தாங்கோ." நேற்றுக் காற்றில் எடுத்த படத்தைத் திறந்து அவர் முன்னால் வைத்தான். நடுவில் கறுப்பு வட்டம். நாலு பக்கமிருந்தும் அதில் வந்து முடியும் கீறல்கள்.

ஏரம்பு முன்னால் குனிந்தார். தேத்தண்ணியோடு வந்த றம்லா மாமியை இப்போது தடுக்க ஆளில்லை, அவளும் குனிந்தாள். தட்டம் சரிந்து தேத்தண்ணி முழுவதும் அதிகாரியின் சப்பாத்துக் காலில் கொட்டியது.

"அல்லாஹ்வே! ஊரின்ர எல்லா ஒழுங்கைப் பாதையாலயும் குடத்தோட வந்து நாங்கள் தண்ணி அள்ளின கிணறெல்லோ இது! இதையோ தம்பி படத்தில மூடினனீங்கள்?"