கார்னிவலுக்கு முந்தைய பிரசவங்கள்

“மரினேஸ்கிட்ட குழந்தை கழுத்துல கொடி சுத்தியிருக்குன்னு சொல்லிட்டேன். நல்லா பயந்துட்டா. மத்தியானம் கத்தி வச்சிரு,” என்றார் மருத்துவமனை முதலாளி டாக்டர் எவான்ட்ரோ.

இளம் டாக்டர் ஜுசாரா ஸ்கேனை மறுபடி பார்த்தாள்.

“சார், சுத்தலையே...”

“நாளைக்குக் கார்னிவல். ரெசிஃபே ஊரு முழுக்கத் தெருவுல ஆடும். அப்போ வலி எடுத்தா யாரு வந்து உக்கார்றது? எல்லாக் குழந்தையும் இன்னிக்கே வெளிய வரணும். ஆபரேஷன்னா பில்லும் அழகா இருக்கும். முடியாதுன்னா சொல்லு, உன் இடத்துக்கு ஆள் ரெடி.”

அவள் வேலைக்குச் சேர்ந்து முழுசாக ஒரு வருஷம் ஆகவில்லை. தலையை ஆட்டிவிட்டு வெளியே வந்தாள்.

மரினேஸின் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

“குழந்தை நல்லா இருக்கு. கத்தி வேண்டாம். நான் சொன்னேன்னு மட்டும் சொல்லாதீங்க.”

“அவரு வந்து நின்னா நான் என்ன சொல்ல, டாக்டரம்மா?”

“சாப்பிட்டுட்டேன்னு சொல்லுங்க. இன்னிக்கு மயக்க மருந்து குடுக்க மாட்டாங்க.”

“ஐயோ, பொய் சொன்னா என் மூஞ்சியே காட்டிக்குடுத்துரும்.”

பொய்யை உண்மையாக்க ஜுசாராவே தெருமுனைக்கு ஓடினாள். தேங்காய்ப்பூ வைத்த மரவள்ளி அடையோடு திரும்பினாள். வாசனை அவளுக்கு முன்னால் வராந்தாவில் நடந்தது.

பக்கத்து அறைக் கதவு திறந்தது. “எனக்கும் கழுத்துல கொடின்னாரு. அடை தின்னா அவுந்துருமா?”

அவளுடைய ஸ்கேனிலும் ஒன்றுமில்லை. அடுத்த அறையிலும் அதே கதை.

“எனக்குச் சீஸ் வச்சது!”

“மெதுவாப் பேசுங்க, உங்க காலைப் பிடிக்கிறேன்,” என்று ஜுசாரா கெஞ்சிக்கொண்டிருக்கும்போதே அடைக்காரி வண்டியை உள்ளே தள்ளிக்கொண்டு வந்துவிட்டாள். மரினேஸின் மாமியார் சாப்பாட்டுத் தட்டில் தாளம் போட்டாள். வயிற்றைத் தாங்கியபடி கர்ப்பிணிகள் அசைந்தாடினார்கள்.

கையுறையோடு வந்து நின்றார் எவான்ட்ரோ. தாளம் நின்றது.

“யாரு குடுத்தது?”

ஜுசாரா கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தாள்.

“நான்தான் சார். எல்லா ஸ்கேனும் பாத்துட்டேன். ஒருத்தருக்கும் கொடி சுத்தலை.”

அவர் வாசலைக் காட்டினார். “வெளிய போ.”

அதே வாசல் வழியாக நர்ஸ் டால்வா மூச்சிரைக்க ஓடிவந்தாள்.

“டாக்டர், உங்க பொண்ணுக்கு வலி எடுத்து வந்திருக்காங்க! ‘வேற யாரையும் தொட விடாதே, கத்தி எடுக்கவே யோசிக்கிற அந்த ஜுசாராகிட்ட மட்டும் போ’ன்னு நீங்கதான் சொன்னீங்களாம். அவங்க எங்கேன்னு கேக்குறாங்க!”