முருகன் சந்நிதியில் ஓர் உருளைக்கிழங்குப் பூ

எதற்கும் உதவாத விஷயத்துக்குத்தான் மனிதன் உயிரைக் கொடுத்துச் சண்டை போடுகிறான். வரப்புத் தகராறு என்றால் என்றைக்காவது ஒரு நாள் பஞ்சாயத்தில் முடிந்துவிடும். நானும் என் நண்பன் பாண்டியும் போட்ட சண்டை வருடக்கணக்காக முடியாமல் கிடந்தது. கடைசியில் அதை முருகனிடமே கொண்டுபோனோம். என் கல்யாணம் நின்றுபோகப் பார்த்ததும் அதனால்தான்.

என்ன சண்டை என்று சொன்னால் சிரிப்பீர்கள். (சிரியுங்கள், எனக்குப் பழகிவிட்டது.) ‘ஓரிந்தா’ என்று ஒரு வீடியோ கேம். நான் எட்டாம் வகுப்பில் இருந்தபோது முதல் பாகம் கைக்கு வந்தது. இப்போது பதினோராம் பாகம் ஓடுகிறது. காடும் மலையும் கோட்டையுமாக ஒரு பெரிய ராஜ்ஜியம். அதற்குள் நாமும் ஓர் ஆளாகப் புகுந்து வருடக்கணக்கில் அலையலாம். பாகத்துக்குப் பாகம் மந்திரவாதிகள் வருவார்கள். இத்தனை பாகத்திலும் வந்தவர்களில் யார் பெரிய பலசாலி? இதுதான் எங்கள் வழக்கு.

நான் செராக் கட்சி. அவர் கையைத் தட்டினால் ஊரே பற்றி எரியும். பாண்டி மாவ்லின் கட்சி. அவள் பனிக்கிழவி, ஊதினால் கடல் உறைந்துவிடும். மூன்றாவதாக நிம் என்று ஒருத்தி உண்டு. முதல் பாகத்திலிருந்து எல்லாப் பாகத்திலும் ஏதாவது ஒரு குளத்தங்கரையில் பாதித் தூக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். யாரையும் அடிக்க மாட்டாள். கிட்டே போனால் மூடுபனி இறங்கும். வாளை உருவிக்கொண்டு வந்தவன், எதற்கு வந்தோம் என்பதையே மறந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்துவிடுவான். அவளுக்குத் தெரிந்த வித்தை அது ஒன்றுதான். அவளை நாங்கள் கணக்கிலேயே சேர்த்ததில்லை.

எங்கள் ஊர் மன்னவனூர். பூண்டு, காரட், உருளைக்கிழங்கு விவசாயம். மத்தியானம் ஆனால் மேகம் வந்து வயலை மூடிவிடும். எதிரே நிற்கிற அப்பா மறைவார், காரட் மறையும், மலை மறையும். அந்த வெள்ளைக்குள் மண்வெட்டியோடு நிற்கும்போது நான் ஓரிந்தாவுக்குப் போய்விடுவேன். கிணற்று மேட்டுக்கு அந்தப் பக்கம் செராக்கின் கோட்டை இருப்பதாகவே எனக்குத் தோன்றும். “இவன் ஒடம்பு இங்க கெடக்கு, ஆளு எங்கயோ போயிட்டான்” என்று அப்பா பனிக்குள்ளிருந்து சொல்வது மட்டும் கேட்கும்.

இப்படிப்பட்ட ஆளுக்குப் பெண் பார்த்தார்கள். பாலசமுத்திரத்தில் வீடு, பழனி அடிவாரத்தில் விபூதியும் சந்தனமும் விற்கிற கடை. பெண்ணின் பெயர் சண்முகப்ரியா. எங்கள் இருவரையும் மொட்டை மாடிக்குப் பேச அனுப்பினார்கள். நான் பூண்டில் மலைப்பூண்டு எப்படி உசத்தி என்று விளக்க ஆரம்பித்தேன். (ஒரு பெண்ணிடம் முதன்முதலில் பேசுவதற்கு இதைவிட நல்ல விஷயம் எனக்குத் தோன்றவில்லை.) அவள் என் வலது கைப் பெருவிரலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“இது ஏன் இப்பிடிக் காச்சுப்போயிருக்குங்க?” என்று கேட்டாள்.

கேம் ஆடி ஆடிக் காய்த்த விரல். “பூண்டு உரிச்சுங்க” என்றேன்.

“ஓ” என்றாள். உதட்டை மடித்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டாள். அவ்வளவுதான் பேச்சு. திரும்பி மலை ஏறும்போது ஜீப்பில் ஒவ்வொரு வளைவிலும் அந்த ‘ஓ’ என்னோடு சேர்ந்து திரும்பியது. கட்டினால் இவளைத்தான் கட்டுவது என்று முடிவு செய்துவிட்டேன். இவள் இல்லை என்று ஆகிவிட்டால் எனக்கு அழுகையே வந்துவிடும் என்றும் தெரிந்துபோயிற்று.

பெண்ணின் அம்மா மட்டும் ஒரு நிபந்தனை வைத்தார். பூக்கட்டிப் பார்க்க வேண்டும். எங்கள் பக்கத்தில் இது வழக்கம்தான். ஒரு வெள்ளைப் பூ, ஒரு சிவப்புப் பூ; இரண்டையும் வெளியே தெரியாமல் தனித்தனியாகப் பொட்டலம் கட்டி சாமி காலடியில் போட்டு, கும்பிட்டு, ஒன்றை எடுக்க வேண்டும். வெள்ளை வந்தால் சம்மதம். சிவப்பு வந்தால் காப்பியைக் குடித்துவிட்டுக் கிளம்ப வேண்டியதுதான். பழனியிலேயே பார்க்கலாமே என்றார் அப்பா. வாழப்போகிற ஊர்ச் சாமிதான் சொல்ல வேண்டும் என்று அந்த அம்மா உறுதியாகச் சொல்லிவிட்டார். எங்கள் ஊர் மேட்டில் இருக்கும் சின்ன முருகன் கோவில் என்று முடிவாயிற்று.

அப்போதுதான் என் மூளை வேலை செய்தது. (அது வேலை செய்த நாட்களெல்லாம் எனக்கு நல்லபடியாக முடிந்ததில்லை.) சாமி எப்படியும் நமக்காக உட்கார்ந்திருக்கப் போகிறது, கல்யாண விஷயம் முடிந்த கையோடு எங்கள் வழக்கையும் கேட்டுவிட்டால் என்ன? பாண்டிக்கும் இது நியாயமாகப் பட்டது. செராக்குக்குச் சிவப்பு, மாவ்லினுக்கு வெள்ளை. ஒப்புக்கு நிம்முக்கும் ஒன்று வைப்போம் என்றான். அவளுக்கு என்ன பூ என்று தேடினோம். காலுக்குக் கீழே எங்கள் வயலில் உருளைக்கிழங்குச் செடி ஊதா நிறத்தில் பூத்துக் கிடந்தது. ஒன்றைக் கிள்ளிக்கொண்டோம். கல்யாணப் பூவைக் கட்ட அம்மா வைத்திருந்த அதே வாழைச்சருகில் எங்கள் மூன்றையும் கட்டினேன்.

பூக்கட்டிப் பார்க்கிற அன்றைக்குப் பெண் வீட்டார் வெள்ளனே கிளம்பி மத்தியானத்துக்குள் வந்துவிட்டார்கள். மலைக்குக் கீழே, கீழூரில் வெயிலில் புழங்குகிறவர்கள். பெண்ணின் அப்பா குரங்குக் குல்லாவுக்குள் கண்ணை மட்டும் வைத்திருந்தார். ப்ரியா மயில்கழுத்து நிறப் புடவைக்கு மேல் ஒரு பழைய ஸ்வெட்டர் போட்டிருந்தாள். எனக்கு வேறு எதுவும் கண்ணில் படவில்லை. பட்டிருந்தால் பாண்டியைக் கவனித்திருப்பேன்.

அம்மா அவனிடம்தான் பூஜைத் தட்டைக் கொடுத்திருந்தார். சட்டைப் பையில் இருந்தால் பூ நசுங்கிவிடும் என்று எங்கள் பொட்டலங்களைத் தட்டின் ஓரத்தில் வைத்திருக்கிறான். அப்புறம் எடுத்துக்கொள்ளலாம் என்று நினைத்தானாம். அதற்குள் பூசாரி தட்டை வாங்கிக்கொண்டு போய், இருந்த ஐந்தையும் முருகன் காலடியில் உருட்டிவிட்டார். ஐந்து எதற்கு என்று அவரும் யோசிக்கவில்லை. கீழூர்க்காரர்கள் வழக்கம் அப்படி என்று நினைத்தாராம்.

ப்ரியாவின் அத்தை கண்ணை மூடிக்கொண்டு ஒன்றை எடுத்துக் கொடுத்தார். பூசாரி சருகைப் பிரித்தார். பிரித்துவிட்டு விளக்குப் பக்கம் கொண்டுபோய்ப் பார்த்தார். எல்லோரும் எட்டிப் பார்த்தோம். உள்ளே ஊதா நிறத்தில் ஒரு பூ சாவகாசமாகப் படுத்திருந்தது.

“இது நம்ம உருளக்கெழங்குப் பூவாச்சே” என்றார் என் அம்மா.

முருகன் உருளைக்கிழங்கைப் பற்றி என்ன சொல்ல வருகிறார் என்று யாருக்கும் விளங்கவில்லை. பூசாரி பாக்கியையும் எண்ணினார். அப்பா என்னைப் பார்த்தார். நான் பாண்டியைப் பார்த்தேன். பாண்டி கோவில் மணியைப் பார்த்தான். வேறு வழியில்லாமல் நானே வாயைத் திறந்தேன். அந்த இடத்தில் ‘கேம்’ என்ற ஒரு சொல்லை முதலில் சொல்லியிருந்தால் பிழைத்திருப்பேன். பதற்றத்தில் அதை விட்டுவிட்டு நேராக மந்திரவாதிகளில் ஆரம்பித்தேன்.

மூன்று மந்திரவாதிகள் இருக்கிறார்கள், ஒருவர் தீ மூட்டுவார், ஒருத்தி உறைய வைப்பாள், யார் பெரிய ஆள் என்று சாமியிடம் கேட்கத்தான் இந்தப் பொட்டலங்கள் என்று சொன்னேன். பெண்ணின் அம்மா முகத்தில் ரத்தமே இல்லை.

“எத்தன வருசமாப் பழக்கம்?” என்று கேட்டார்.

“எட்டாங்கிளாஸ்ல இருந்துங்க.”

“அவங்க எங்க இருக்காங்க?”

“எங்க வீட்டுலதாங்க. மேல் ரூம்ல.”

பாண்டி என்னைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு நடுவில் வந்தான். “நீங்க பயப்படாதீங்கம்மா. ஆள் செத்தாலும் திரும்ப எழுப்பிறலாம்.”

அந்த அம்மா சந்தனக் கிண்ணத்தைக் கூடையில் போட்டு மூடினார். “பையன் செய்வின சோலி பாக்குறான். வெரசா வண்டிய எடுக்கச் சொல்லுங்க” என்றார் கணவரிடம். என் அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். ப்ரியா குனிந்திருந்தாள். அவள் தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்தேன். மொட்டை மாடியில் பார்த்த அந்த முகத்தை இனிப் பார்க்க முடியாது என்று முடிவு கட்டிக்கொண்டேன்.

எல்லோரும் மண்டபத்துக்கு வந்தோம். அங்கே ஊரையே காணோம். நாங்கள் உள்ளே இருந்த நேரத்தில் மேகம் இறங்கிவிட்டிருந்தது. முன்சக்கரமே தெரியவில்லை, செத்த பொறுங்க என்று ஜீப் டிரைவர் எங்கிருந்தோ சொன்னார். கோபமாகக் கிளம்பிய குடும்பம், கோபமாக மண்டபத்திலேயே உட்கார வேண்டியதாயிற்று.

பனி தூண்களுக்கு நடுவே உள்ளே வந்தது. முதலில் கூடைகள் மறைந்தன, பிறகு கால்கள், பிறகு முகங்கள். வீட்டிலிருந்து என் அம்மா போர்வைகளும் சுக்குக் காப்பியும் கொண்டுவந்து, ஆள் தெரியாமல் கைகளைத் தேடித் தேடிக் கொடுத்தார். கீழே எங்கோ ஒரு செம்மறியாடு கத்தி, பதில் வராமல் நிறுத்திக்கொண்டது. குரல்கள் மட்டும் இருக்கிற ஓர் உலகத்தில் எல்லோரும் போர்வைக்குள் சுருண்டு உட்கார்ந்திருந்தோம். எனக்குக் கனவு மாதிரி இருந்தது. கனவாகவே இருக்கட்டும் என்று முருகனை வேண்டிக்கொண்டேன்.

அப்போது பனிக்குள்ளிருந்து ப்ரியாவின் குரல் வந்தது.

“மாவ்லின் ஆறாம் பாகத்துலயே தோத்துட்டாங்களே. அவங்களுக்கு எதுக்குப் பூ வச்சீங்க?”

நான் கையில் இருந்த காப்பியைக் கொட்டிக்கொண்டேன். மாவ்லின் தோற்கவில்லை, ஒதுங்கிக்கொண்டாள் என்று பாண்டி தன் மூலையிலிருந்து சண்டைக்கு வந்தான். செராக் மட்டும் என்னவாம், மழை வந்தால் ஆளே இல்லை என்றாள் ப்ரியா. இங்கே நான் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும். அறிவுள்ளவன் அதைத்தான் செய்வான். நானோ, பத்தாம் பாகத்தில் செராக் கொட்டுகிற மழையிலும் பாலத்தை எரித்தாரே என்று எகிறினேன். பெண் கைவிட்டுப் போய்க்கொண்டிருக்கிறாள். நான் செராக்குக்கு வக்கீலாக நிற்கிறேன்.

“ஒனக்கு எப்பிடிடி இவங்களத் தெரியும்?” என்றார் அவள் அம்மா.

“எங்கிட்டயும் இருக்காங்கம்மா. போன்ல. வெளையாட்டும்மா அது.”

கடையில் ஆள் இல்லாத நேரமெல்லாம் குனிந்து குனிந்து பார்த்தது இதைத்தானா என்றார் அவள் அப்பா. குல்லாவுக்குள்ளிருந்து ஒரு சிரிப்புக் கேட்டது. பிறகு நெருப்புக்காரன் எவ்வளவு தூரம் எரிப்பான் என்று மெதுவாக விசாரித்தார். என் அப்பா பூண்டுக்குப் பனிதான் நல்லது என்று மாவ்லின் கட்சியில் சேர்ந்தார். பூசாரி கூட ஏதோ கேட்டார். பெண்ணின் அம்மா மட்டும் எந்தக் கட்சியிலும் சேரவில்லை.

அப்புறம் ப்ரியா சொன்னாள். “ரெண்டு பேருமில்ல. நிம்தான் பெரிய ஆளு. மத்தவங்க எதிரிய அடிச்சாங்க. இவகிட்ட வந்தா எதிரியே இல்லாமப் போயிருவான்.”

நான் செராக்கை விட்டுவிட்டுச் சுற்றிலும் பார்த்தேன். எங்களைச் சுற்றி நிம்முடைய பனிதான் நின்றுகொண்டிருந்தது. வண்டியை எடுக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

மேகம் விலகியபோது எல்லோரும் ஒருவர் பக்கத்தில் ஒருவராக, நினைத்ததைவிட நெருக்கமாக உட்கார்ந்திருந்தோம். சரியாக இரண்டே பொட்டலம் போட்டு மறுபடி பார்க்கலாமா என்று அப்பா கேட்டார். ஒரே சங்கதியை ஒரே நாளில் சாமியிடம் இரண்டு தடவை கேட்கக் கூடாது, வந்ததுதான் உத்தரவு என்றார் பூசாரி. அப்படியானால் இந்த ஊதாப் பூவுக்கு என்ன அர்த்தம்? அது நிம்முக்கு வைத்தது என்றான் பாண்டி. எல்லோரும் பெண்ணின் அம்மாவைப் பார்த்தார்கள்.

அவர் சருகைக் கையில் வாங்கினார். பூவை வெகுநேரம் பார்த்தார். பிறகு என்னையும் ப்ரியாவையும் பார்த்துக் கேட்டார். “இந்தப் பூவுக்கு உள்ளவ நல்லவளா, கெட்டவளா?”

“நல்லவ” என்றோம், இரண்டு பேரும் ஒரே நேரத்தில். நாங்கள் முதன்முதலாக ஒத்துப்போன விஷயம் அதுதான்.

அவர் அந்தப் பூவை என் அம்மாவிடம் நீட்டினார். “நீங்களே வச்சு விடுங்க.”

அப்படித்தான் ப்ரியாவின் தலையில் மல்லிகைக்கு நடுவே ஓர் உருளைக்கிழங்குப் பூ ஏறியது. அம்மாவுக்குக் கண் கலங்கியது. என் பெருவிரலைக் காட்டி, பூண்டு இன்னும் உரிக்கிறீங்களா என்று ப்ரியா எனக்கு மட்டும் கேட்கும்படி கேட்டாள். அவள் தோள் குலுங்கியது அழுகையால் அல்ல என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது.

சொந்தக்காரர்கள் மத்தியில் எனக்கு இன்றைக்கும் ‘மந்திரவாதி மாப்பிள்ளை’ என்றுதான் பெயர். விசேஷ வீட்டில் பந்தியில் உட்கார்ந்தால், மேல் ரூம் ஆட்களுக்கும் இலை போடவா என்று கேட்பார்கள். எங்கள் வீட்டில் மேகம் இறங்குகிறது என்று யாரும் சொல்வதில்லை. நிம் வந்துவிட்டாள் என்பார்கள். காரட் ஏற்ற வருகிற லாரிக்காரர் கூடக் கிளம்பும் முன் போன் போட்டு, “மேல நிம்மு இருக்காளாண்ணே, வரலாமா?” என்று கேட்கிறார். அவள் யார் என்று அவர் இதுவரை கேட்டதில்லை.

எனக்கும் ப்ரியாவுக்கும் சண்டை வரும். வராமல் இருக்குமா? குரல் உயர்ந்தால் அம்மா எழுந்துபோய் வாசல் கதவைத் திறந்து வைத்துவிடுவார். பனி உள்ளே வரும். கொஞ்ச நேரத்தில் எதற்காகச் சண்டை போட்டோம் என்பது எனக்கு மறந்துவிடும். ப்ரியாவுக்கு மறக்காது. மறந்த மாதிரி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்வாள்.