பாயசம் இல்லை, பயாஸ்

இராசையா கங்காணி ஒரு பெரிய முடிவெடுத்தார். ஜீவராணிக்குத் தெரியாமல் ஒரு காரியம் செய்வது. இருபத்தேழு வருடத் தாம்பத்தியத்தில் மனைவிக்குத் தெரியாமல் அவர் தும்மியதுகூட இல்லை.

காரியம் இதுதான். மகள் யசோதினி காய்ச்சலில் போய் இரண்டு வருடம். போன மழைக்கு இடி விழுந்து அவளுடைய பழைய கேம் மெஷினும் கருகிவிட்டது. அவருக்கு விளையாட வேண்டாம். சுவிட்சைப் போட்டதும் அதில் ஒரு சத்தம் எழும்பும். தேயிலைத் தோட்டத்து லய வீட்டில் அது கேட்டால் பிள்ளை வீட்டுக்கு வந்துவிட்டாள் என்று அர்த்தம். அந்தச் சத்தத்தை லேப்டாப்பில் ஒரே ஒரு தடவை கேட்டுவிட வேண்டும்.

"அதுக்குப் பயாஸ் பைல் வேணும் அண்ணே," என்றான் பசறையில் போன் கடை வைத்திருக்கும் ஷிபான். "காலையில பெரட்டுல நீங்க ஆள் கூப்புட்டாத்தானே மலையில வேலை தொடங்கும்? மெஷினுக்குப் பெரட்டு எடுக்குறது இந்தப் பைல்தான்."

ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என்று மூன்று சீமைப் பைல்கள் கொடுத்தான். எது பொருந்துகிறதோ அதை வைத்துக்கொள்ள வேண்டுமாம்.

மூன்று வாரம் மல்லுக்கட்டினார். குடிக்கத் தவறணைப் பக்கமே போகவில்லை. போல்டரை மாற்றினார், பைல் பெயரைச் சின்ன ஆங்கில எழுத்தாக்கினார். திரை கறுப்பாகவே நின்றது. கங்காணியின் பெரட்டுக்கு மூன்று சீமையும் வரவில்லை.

"என்னங்க அது?" ஜீவராணி எட்டிப் பார்த்தாள்.

"பயாஸ்."

"பாயசமா? சவ்வரிசி இல்லீங்களே."

"நீ போ புள்ள."

நேற்று சாயந்தரம் அவருக்குத் தாங்கவில்லை. லேப்டாப் மேலேயே கவிழ்ந்து அழுதார்.

"தள்ளுங்க," என்று ஜீவராணி தன் போனை லேப்டாப்பில் சொருகினாள். ஒரு பைலை இழுத்துப் போட்டாள். ஒரு தட்டு.

சத்தம் எழும்பியது. இருவரும் வாசலைப் பார்த்தார்கள். யாரும் வரவில்லை.

அவர் லேப்டாப் பக்கம் திரும்பினார். "இது ஏது ஒனக்கு?"

"கருகின மெஷின்ல சில்லு மட்டும் பொழச்சிருந்துச்சு. ஷிபான்தான் அதுல இருந்து பைலை எடுத்துக் குடுத்தான். நீங்க பெரட்டுக்குப் போனப்புறம் தெனமும் கேக்குறேன்."

"அப்ப எனக்குக் குடுத்த மூணு?"

"வேற மெஷினோடது. நான்தான் குடுக்கச் சொன்னேன். மூணு வாரமா குடிக்காம நேரா வீட்டுக்கு வந்தீங்கல்ல."

அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இனி என்னைத் தடுக்க என்ன செய்யப் போறே?"

"ஷிபான்கிட்ட இன்னொரு மெஷின் சொல்லி வச்சிருக்கேன். அதுக்கு அஞ்சு பைலாம்."