கோமாவிலும் தட்டும் கால்

அன்புத் தங்கைக்கு,

அண்ணன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உன் அண்ணியும் சுகம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் சுகமாக இருக்க வேண்டும் என்பதே எங்கள் விருப்பம். நம் ஃபங்க் இசைக் குழு மட்டும் சுகமாக இல்லை. போனில் என் குரலைக் கேட்டாலே நீ வைத்துவிடுவதால் எழுத்தில் வருகிறேன். பாதியில் கிழிக்காமல் படிக்கவும்.

நான் நடிப்பை விட்டுவிட்டேன். அடியோடு விட்டுவிட்டேன். "பாட்டா, சீரியலா, ஒண்ணைச் சொல்லு" என்று கேட்டு நீ குழுவை விட்டுப் போனபோதே விட்டிருக்க வேண்டும். உன் இடத்தில் பேஸ் கிட்டார் வாசிக்க ஒரு பல் டாக்டரைப் பிடித்தோம். மனுஷன் தப்பே பண்ண மாட்டார், ஆனா வலிக்குதான்னு கேட்டுக் கேட்டு வாசிக்கிற மாதிரியே இருக்கும். ஃபங்க்னா தாளத்தோட முதல் அடியில எல்லாரும் ஒண்ணா விழணும், உனக்கு நான் சொல்லணுமா, நான் விழறேன், டிரம்ஸ்காரர் விழறார், பல் டாக்டர் மட்டும் யோசிச்சு விழறார். சரி, சமாளிச்சுக்கலாம்னு போன நிகழ்ச்சியில மைக்கைப் பிடிச்சு "எல்லாரும் எழுந்து ஆடுங்க"ன்னு கத்தினேன். முன் வரிசையில ஒரு அம்மா எழுந்தாங்க, ஆட இல்ல. "ஏம்ப்பா, முதல்ல உன் பொண்ணை அந்தப் பையனுக்குக் கட்டி வை, அப்புறம் ஆடலாம்"னாங்க. சீரியல்ல மகள் காதலுக்குக் குறுக்கே நிக்கற அப்பா நான்தானே. அரங்கமே "கட்டி வை, கட்டி வை"ன்னு ஆரம்பிச்சிடுச்சு. அதுக்கு நம்ம டிரம்ஸ்காரர் தாளம் போடறார்ம்மா. அன்னிக்கு எங்க பாட்டை விட அதுதான் எடுபட்டுச்சு.

மறுநாளே டைரக்டர்கிட்ட போய் "என்னைக் கொன்னுடுங்க"ன்னு சொன்னேன். "நீங்க செத்தா உடனே கல்யாணம் நடந்துடும் சார், அப்புறம் நான் எதை எடுக்கறது? வேணும்னா கோமாவுல படுங்க, வசனமே கிடையாது"ன்னார். படுத்தேன். பக்கத்துல இதயத் துடிப்பு காட்டற மெஷின், டிக், டிக்னு அவ்வளவு சுத்தமான தாளம். போர்வைக்குள்ள என் கால் முதல் அடியைப் பிடிச்சிடுச்சு. சத்தியமா நான் பண்ணல, அதுவா பண்ணிச்சு. டாக்டரா நடிக்கிறவர் "இவருக்கு உணர்வே இல்லை"ன்னு கண் கலங்கறார், போர்வை குதிக்குது. மகளா நடிக்கிற பொண்ணு என் மார்ல முகத்தைப் புதைச்சுக்கிட்டு சிரிக்குது. மெஷினை நிறுத்தினாங்க, மின்விசிறி கிறீச்னு சுத்தற தாளத்துக்குக் கால் மாறிடுச்சு. காலைக் கட்டிலோட கட்டினாங்க, கட்டில் ஆடுச்சு. "வீட்டுக்குக் கிளம்புங்க சார்"னு டைரக்டர் பெரிய கும்பிடா போட்டார். நானும் மேக்கப்பைக்கூடக் கலைக்காம வந்துட்டேன்.

ஆகவே முடிவு இதுதான். இனி அந்த டைரக்டர் வாசலில் வந்து தவம் கிடந்தாலும் கதவு திறக்காது. சனிக்கிழமை பெரிய அரங்கத்தில் நிகழ்ச்சி. அதுவும் சொதப்பினா குழுவைக் கலைச்சிடலாம்னு டிரம்ஸ்காரரே சொல்லிட்டார். இத்தனை வருஷம் தூக்கிச் சுமந்த குழு, நான் கலைக்க விட மாட்டேன். வெட்கத்தை விட்டுச் சொல்றேன், மேடையில என் இடது பக்கம் நீ இல்லாம பாடப் பயமா இருக்கு. நீ வரணும். வருவே.

மாப்பிள்ளைக்கு என் அன்பு. பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு முத்தம். நோய்நொடி இல்லாமல், முக்கியமாகக் கோபதாபம் இல்லாமல், நீ நீண்ட காலம் வாழ ஆசீர்வதிக்கும்
உன் அண்ணன்

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போகும் நேரம் டைரக்டர் வந்துவிட்டார். கதவைத் திறந்தது உன் அண்ணி, நான் இல்லை. கோமா அப்பாவுக்கு ஒரு தங்கச்சி வேணுமாம், கால்மாட்டுல உட்கார்ந்து ரெண்டு காலையும் அமுக்கிப் பிடிச்சுக்கிட்டு அழணுமாம். என் கால் அடுத்து எப்போ விழும்னு தெரிஞ்சவ உலகத்துல ஒருத்திதான்னு சொல்லி, ரெண்டு பேருக்கும் சேர்த்து சரின்னுட்டேன். சனிக்கிழமை காலையில ஷூட்டிங், சாயந்தரம் நிகழ்ச்சி, கிட்டாரோட வந்துடு. அழத் தெரியாதுன்னு சொல்லாதே. நீ குழுவை விட்டுப் போன அன்னிக்கு அழுதியே, அதை அப்படியே அழு, திட்டணும்னா திட்டு. அன்னிக்கு நான் பாதியில எழுந்து ஷூட்டிங்குக்கு ஓடிட்டேன். இந்தத் தடவை நான் முழுசா கேட்டுத்தான் ஆகணும், கோமாவுல இருக்கேன்.