கொன்றவர் கொடுத்த நற்சான்று

திருவண்ணாமலையில் பொய் சொல்லத் தெரியாத ஆள் ஒருவர்தான் உண்டு. அவரும் கொலை செய்துவிட்டு ஜெயிலுக்குப் போய் வந்தவர்.

ரமணாசிரமத்தை ஒட்டிய சந்தில் டீக்கடை வைத்திருந்தார். ஊருக்கு அவர் ஜெயில் மாஸ்டர். புது ஆள் யார் வந்தாலும் பாலை அடுப்பில் வைக்கும் முன்பே சொல்லிவிடுவார்: "நான் கொலை கேஸ்ல உள்ள இருந்துட்டு வந்தவங்க. டீ போடட்டுமா?" குடித்த பிறகு தெரிந்து மனசு கஷ்டப்படக் கூடாதாம். பாதிப் பேர் பஸ் ஸ்டாண்டு வரை திரும்பிப் பார்க்காமல் ஓடியிருப்பார்கள். ஒரு வெள்ளைக்காரருக்கு நான்தான் மொழிபெயர்த்தேன். அவர் ஏதோ தத்துவம் என்று நினைத்துக் காலில் விழுந்துவிட்டார். மாஸ்டர் என்னை முறைத்தார்.

இந்த மனிதரைப் பற்றி ஒரு யூடியூப் சேனல் படம் எடுத்தது. நிஜத்தில் நடந்தது இவ்வளவுதான்: கீழ்பென்னாத்தூர் பக்கம் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலைக் கொல்லைக்கு மோட்டார் தண்ணீர் விடுவதில், இன்று யார் முறை என்று பங்காளியோடு தகராறு. ஆத்திரத்தில் இவர் மண்வெட்டியால் அடிக்க, அவர் செத்துப்போனார். வீடியோவிலோ மாஸ்டர் முறுக்கு மீசை ஹீரோ. செத்தவர், ஊர்ப் பெண்களிடம் வம்பு செய்யும் பொறுக்கி. கூடவே இடி, மின்னல் வேறு. கடையில் செல்ஃபிக் கூட்டம் தாங்கவில்லை. மாஸ்டரோ ஒவ்வொருவரிடமும் அதெல்லாம் பொய் என்று சண்டை போட்டு விரட்டினார். சேனல்காரர்களிடம் போய்க் கேட்டதற்கு, செத்தவனை நல்லவன் என்று காட்டினால் யார் சார் பார்ப்பார்கள் என்றார்களாம்.

அதற்குள் விபரீதமாகிவிட்டது. செத்தவரின் மகளுக்கு வேங்கிக்காலில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. வீடியோவைப் பார்த்த மாப்பிள்ளை வீட்டார் நிறுத்தி வைத்துவிட்டார்கள். சேதி தெரிந்ததும் மாஸ்டர் கடையைச் சாத்திவிட்டு என் ஸ்கூட்டரில் ஏறி உட்கார்ந்தார். மாப்பிள்ளை வீட்டுக்கு விடச் சொன்னார். செத்தவனுக்குக் கொன்றவன் சர்டிபிகேட் கொடுப்பதை எந்த ஊரில் பார்த்திருக்கிறோம்?

அவர் அந்த வீட்டுப் படி ஏறவில்லை. செருப்பைக் கழற்றிவிட்டு வெயிலில் நின்றார்.

"அவன கொன்னவன் நான்தாங்க. அவன் தங்கமானவன். அன்னிக்கு தண்ணி முறை அவனுது, தப்பு என்னுது. பொண்ண விட்றாதீங்க."

மாப்பிள்ளையின் அப்பா கையிலிருந்த பேப்பரை மடித்து வைத்துவிட்டு மனைவியைப் பார்த்தார். கொன்ற ஆளே வந்து நல்லவன் என்கிறான், இதற்கு மேல் யாரை விசாரிக்கப் போகிறீர்கள் என்று அவர் மனைவிதான் கேட்டார்.

கல்யாணம் நடந்தது. மாஸ்டரைக் கூப்பிடவில்லை. எப்படிக் கூப்பிடுவார்கள்? அது அவருக்கும் தெரியும். அன்று கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் சர்க்கரையை அள்ளிப் போட்டு டீ கொடுத்தார். எனக்கும் ஒரு கிளாஸ் நீட்டினார். எனக்குச் சர்க்கரை வியாதி என்று சொல்ல வாய் வரவில்லை. வாங்கி, சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தேன்.