தலைவர் அழித்த டிஎல்எல்

சூடம் அணைத்துச் சத்தியம் செய்கிறேன், இதில் ஒரு எழுத்துக்கூடப் பொய் இல்லை. போன மழையில் எங்கள் தாமான் குடியிருப்புச் சாக்கடையில் முதலை நீந்தியது என்று சொன்னேனே, அது வேண்டுமானால் கொஞ்சம் முன்னப்பின்ன இருக்கலாம். இது அப்படியில்லை.

பரமேஸ்வரன், செங் வட்டாரத்துத் தொழிற்சாலை ஒன்றில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றவர். அலோர் காஜா பக்கம் எங்கள் தோட்டத்து மாரியம்மன் கோயிலுக்கு ஒன்பது வருஷமாகத் தலைவர். எதிர்த்து யாரும் நின்றதில்லை. நிற்க விட்டால்தானே. கம்ப்யூட்டரில் அடித்த வேட்புமனுதான் செல்லும், கையால் எழுதியது செல்லாது என்று போன வருஷம் ஒரு விதியே கொண்டுவந்தார். மனுவோடு வந்த லாரிக்காரக் காந்தன் அப்படியே திரும்பிப் போனார்.

அவருக்குச் சந்தேகம் ஒரு வியாதி. மீன் வாங்கப் போனால், எப்போது செத்தாய் என்று மீனையே விசாரிப்பார். இந்த வருஷம் சந்தேகம் மனைவி பாக்கியலட்சுமி மேல். இவர் அறைக்குள் நுழைந்தால் அந்தம்மா லேப்டாப்பைப் பட்டென்று மூடுகிறார்.

“என்ன பார்த்த?”

“ரசத்துக்கு எத்தனை மிளகுன்னு.”

“முப்பது வருஷமா ரசம் வைக்கிற உனக்கா?”

“முப்பது வருஷமா நல்லாருக்குன்னு நீங்க சொல்லலையே லா. அதான்.”

மனு கொடுக்கும் ஞாயிற்றுக்கிழமை வந்தது. மாலை ஐந்து மணியோடு சரி. அவருடைய மனு லேப்டாப்பில் தயாராக இருந்தது, அச்செடுக்க வேண்டியதுதான் பாக்கி. மதியம் சாப்பிட்டுக் கை கழுவும்போது, அடுப்படியில் அந்தம்மா தங்கை மோகனாவோடு போனில் பேசுவது காதில் விழுந்தது.

“அந்த டிஎல்எல் மட்டும் அவரு கண்ணுல பட்டுடக் கூடாதுடி. பட்டுச்சு, எல்லாம் போச்சு.”

ஈரக் கையோடு லேப்டாப்புக்கு ஓடினார்.

டிஎல்எல் என்பது கோயில் அண்டா மாதிரி ஒரு கோப்பு. தோட்டத்தில் யார் வீட்டுக் கல்யாணம் என்றாலும் சோறு வேகுவது அதே அண்டாவில்தானே. அப்படி ஒரே கோப்பைப் பத்து மென்பொருள் எடுத்துப் புழங்கும். எது எங்கே, யாருக்கு எப்படி என்று குறித்து வைக்கும் நோட்டுக்கு ரெஜிஸ்ட்ரி என்று பெயர். அந்த நோட்டில் எழுதவும் திருத்தவுமே தனியாக ஒரு டிஎல்எல் உண்டு.

தேடினால் நாலாயிரம் டிஎல்எல் வரிசையில் நின்றன. எல்லாமே திருட்டு முழி முழித்தன. கடைசியில் ரெஜிஸ்ட்ரியைத் திருத்துகிற டிஎல்எல்லைப் பிடித்துவிட்டார். நோட்டைத் திருத்துகிறவன் யோக்கியனாக இருப்பானா? அழி என்றார். நிச்சயமாகவா என்று கம்ப்யூட்டர் கேட்டது. இவன் ஏன் பரிந்துகொண்டு வருகிறான், இவனும் கூட்டு என்று முடிவுகட்டி, அழித்துக் குப்பைத் தொட்டியையும் காலி செய்தார்.

பிறகு மனுவைத் திறந்தார். டிஎல்எல் காணவில்லை என்றது. பிரிண்டரைத் தட்டினார். காணவில்லை. சும்மா கால்குலேட்டரைத் தொட்டார். அதுவும் அதே ஒப்பாரி.

ரெஜிஸ்ட்ரிக்குள் இறங்கினார். மணி இரண்டானது, மூன்றானது.

“என்னங்க, டீ.”

“பேசாத. உள்ள எவனோ இருக்கான்.”

“யாரு?”

“அதத்தான் தேடுறேன்.”

“தேடுங்க, தேடுங்க. நான் கோயிலுக்குப் போயிட்டு வந்துடுறேன்.”

“போ, போ. தொந்தரவு பண்ணாத.”

ஐந்துக்கு இரண்டு நிமிஷம் இருக்கும்போது, கையால் எழுதிய தாளோடு மோட்டார் சைக்கிளில் கோயில் வாசலில் வந்து விழுந்தார். செயலாளர் வீரமுத்து தாளைத் தொடக்கூட இல்லை.

“செல்லாதுங்க தலைவரே. நீங்க போட்ட விதிதான்.”

“அப்ப இந்த வருஷம் தலைவரே கிடையாதா?”

வீரமுத்து அறிவிப்புப் பலகையைக் காட்டினார். அழகாக அச்சடித்த ஒரே ஒரு மனு. பாக்கியலட்சுமி பரமேஸ்வரன், போட்டியின்றி.

அந்தம்மா பட்டுச்சேலையில் நின்றிருந்தார்.

“எப்படிப் பிரிண்ட் எடுத்த?”

“வெள்ளிக்கிழமை நீங்க குளிக்கப் போனப்ப.”

“அப்ப அந்த டிஎல்எல்? எதுடி அது?”

“அப்படின்னா என்னன்னே எனக்குத் தெரியாது. அதத் தொட்டா மொத்தமும் படுத்துரும்னு மருமகன்கிட்ட ஒரு மணி நேரம் பேசுனது நீங்கதான. அதான் உங்க காதுல விழுற மாதிரி போன்ல சொன்னேன். சரி, தள்ளி நில்லுங்க. பூசைக்குத் தலைவர் முன்னால நிக்கணுமாம்.”

யார் சொன்னது என்று கேட்டால் என் பெயரை மட்டும் சொல்லிவிடாதீர்கள். பொங்கல் யாருக்கு எவ்வளவு என்று இப்போது அந்தம்மாதான் முடிவு செய்கிறார். போன வெள்ளி பரமேஸ்வரனுக்கே அரைக் கரண்டிதான் விழுந்தது.