பல் தெரிந்த சமரசம்

சொத்துத் தகராறுகள் சமரசத்தில் முடிவது அனைவருக்கும் நல்லது. ஆகவே நீதிமன்றத்தின் சமரசப் பிரிவு ஓர் ஆணை பிறப்பித்தது: சமரசம் செய்துகொள்வோர் மனமுவந்தே செய்கிறார்கள் என்பதற்குச் சான்றாக, சிரித்த முகத்துடன் படம் எடுத்து மனுவோடு இணைக்க வேண்டும். பல் தெரிவது விரும்பத்தக்கது.

இதில் வந்து மாட்டிக்கொண்டவர் ஒரு ஸ்டூடியோக்காரர். பாஸ்போர்ட் படம் எடுப்பது அவர் தொழில். "சிரிக்காதீங்க, சிரிச்சா ஆபீஸ்ல திருப்பி அனுப்பிடுவாங்க" என்று வருகிறவர்களுக்கெல்லாம் சொல்லிச் சொல்லி, அவர் முகத்துக்கே சிரிப்பு மறந்துபோயிருந்தது. கீழே ஸ்டூடியோ, மாடியில் தங்கை குடும்பம். அப்பா விட்டுப்போன அந்த வீட்டுக்காகத்தான் அண்ணனும் தங்கையும் வழக்காடினார்கள். வழக்கு முடியும்வரை கட்டடத்தில் யாரும் கைவைக்கக் கூடாதென்று தடையுத்தரவு வேறு. மழைநீர் மட்டும் அந்த உத்தரவை மதிக்காமல், தங்கையின் கட்டிலை நனைத்துவிட்டு, இறங்கி வந்து அண்ணனின் கேமராமேல் சொட்டியது.

"அடுத்த மழைக்கு இந்தக் கூரை நிக்காது" என்று கொத்தனார் சொன்னதும் இருவருக்கும் புத்தி வந்தது. மாடி தங்கைக்கு, கீழ்த்தளம் அண்ணனுக்கு, கூரைச் செலவு ஆளுக்குப் பாதி. இரண்டு வக்கீல்களும் துக்கத்தை அடக்கிக்கொண்டு சமரச மனு எழுதிக்கொடுத்தார்கள்.

சமரச அலுவலர் படத்தைக் கையில் எடுத்தார்.

"தங்கச்சி சிரிக்கிறாங்க. நீங்க ஏன் மொறைக்கிறீங்க?"

"என் மூஞ்சியே அதான் சார்."

"அப்போ மனசில்லாம கையெழுத்து போட்டிருக்கீங்க."

"மனசோடதான் போட்டேன். மனசுக்கு ஏது சார் பல்லு?"

"மனச மனுவோட இணைக்க முடியாதுல்ல? சிரிங்க, இங்கயே எடுத்துடலாம்."

ஸ்டூடியோக்காரர் உதட்டை இழுத்துப் பார்த்தார். பல்வலிக்காரர் மாதிரி இருந்தது.

தங்கை உதவிக்கு வந்தாள். "அண்ணா, சைக்கிள் கத்துக்கிறப்போ நான் சாக்கடைல விழுந்தேனே, அதை நெனச்சுக்கோ."

"உன்னைத் தூக்கிக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினதுதான் ஞாபகம் வருது" என்றார் அண்ணன். அவர் கண் கலங்கிவிட்டது. அவளுக்கும்தான்.

அலுவலர் பதறிப்போனார். "கண்ணீரா? யாரோ மிரட்டியிருக்காங்க! விசாரிக்கணும்." வழக்கைத் தள்ளிவைத்தார்.

மழைக்கு வாய்தா கிடையாது. அந்த வாரமே பெய்தது. கூரையோடு மாடியும் சரிந்து ஸ்டூடியோமேல் உட்கார்ந்தது. நல்லவேளை, வீட்டில் யாரும் இல்லை.

நிவாரண அலுவலர் கேமராவுடன் வந்து, அண்ணனையும் தங்கையையும் இடிபாட்டுக்கு முன்னால் நிறுத்தினார். "படத்துல சோகம் தெரியணும். சிரிக்காதீங்க, சிரிச்சா ஆபீஸ்ல திருப்பி அனுப்பிடுவாங்க."

தன் வாழ்நாள் வசனத்தை அடுத்தவர் வாயில் கேட்டதும் ஸ்டூடியோக்காரர் உதட்டைக் கடித்துக்கொண்டார். அடக்கிப் பார்த்தார். முடியவில்லை. கடைவாய்ப் பல் வரை தெரியச் சிரித்தார். அதைப் பார்த்துத் தங்கையும் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள்.

படத்தில் சோகம் போதவில்லை என்று நிவாரணம் தள்ளுபடியானது. தள்ளுபடியான படத்தை அவர்கள் சமரசப் பிரிவுக்கு எடுத்துப் போனார்கள்.

"இதுதான்யா சிரிப்பு!" என்று அலுவலர் குதித்தார். அன்றைக்கே தீர்ப்பு வந்தது. இல்லாத மாடி சட்டப்படி தங்கைக்குச் சொந்தமானது. அதைத் தாங்கும் கடமை அண்ணனுக்கு.

அந்தப் படம் இப்போது சமரசப் பிரிவின் வாசலில், முன்மாதிரிப் படமாகச் சட்டம் போட்டுத் தொங்குகிறது. அதன் கீழே வரிசையில் நிற்கும் அண்ணன் தம்பிகளும் அக்கா தங்கைகளும், ஒருவரை ஒருவர் பார்க்காமல், அதைப் பார்த்துச் சிரித்துப் பழகிக்கொண்டிருக்கிறார்கள்.